மூச்சு முதலில் பழகும், எலும்பு கடைசியில்தான்

பல நாள் மலை நடைக்கோ நீண்ட தூர ஓட்டத்துக்கோ தயாராகிறவர்கள் மூன்றாவது வாரம் வாக்கில் ஒரு மாற்றத்தை உணர்வார்கள். முதல் வாரம் பாதியிலேயே இளைத்து நின்ற ஏற்றத்தில் இப்போது பேசிக்கொண்டே ஏற முடிகிறது. மூச்சு வாங்கவில்லை, கால் கனக்கவில்லை. உடம்பு பழகிவிட்டது என்று முடிவுகட்டி, தூரத்தை இரட்டிப்பாக்குவதும் முதுகுப்பையில் எடையைக் கூட்டுவதும் பெரும்பாலும் இந்தச் சமயத்தில்தான். முழங்கால் வலி, குதிகாலுக்கு மேலே தசைநாண் வீக்கம், கால் எலும்பில் மயிரிழை விரிசல் எல்லாம் அதற்கடுத்த சில வாரங்களில் தலைகாட்டும்.

காரணம் எளிது. உடம்பின் எல்லாப் பகுதிகளும் ஒரே வேகத்தில் பழகுவதில்லை. ரத்தம் நாட்கணக்கில் பழகும், தசை வாரக்கணக்கில் பழகும், தசைநாணும் எலும்பும் மாதக்கணக்கில் பழகும். ஆனால் "நான் தயார்" என்ற உணர்வை நமக்குத் தருவது மூச்சும் இதயத் துடிப்பும்தான். அவை இரண்டும் முதலில் பழகிவிடுகிற கூட்டத்தைச் சேர்ந்தவை. கடினமான வெளிப்புற நடவடிக்கைகளில் வரும் தொல்லைகளில் பெரும்பகுதி இந்த இடைவெளியில்தான் பிறக்கிறது என்பது என் எண்ணம். பயிற்சிக் காலத்துக்கு மட்டுமல்ல, மலையில் கழியும் ஒரே ஒரு நாளுக்கும் இது பொருந்தும். அங்கேயும் சில எச்சரிக்கைகள் சீக்கிரம் வரும், சில மிகத் தாமதமாக வரும்.

முதலில் ரத்தம். தொடர்ந்து உழைக்கத் தொடங்கிய சில நாட்களிலேயே ரத்தத்தின் நீர்ப்பகுதியான பிளாஸ்மாவின் அளவு கூடுகிறது. பத்து சதவீதமோ அதற்கும் மேலோ கூடலாம். அதனால் இதயம் ஒவ்வொரு துடிப்பிலும் கூடுதல் ரத்தத்தைத் தள்ளும், அதே வேலைக்குக் குறைவாகத் துடித்தால் போதும். முதல் இரண்டு வாரத்தில் "முன்னேறிவிட்டேன்" என்று தோன்றுவதில் பாதி இதன் வேலை.

அடுத்தது தசை. 1967-இல் அமெரிக்க உடலியங்கியலாளர் ஜான் ஹாலோஷி எலிகளை ஓடுபட்டையில் பன்னிரண்டு வாரம் ஓடவிட்டுப் பயிற்றுவித்தார். அவற்றின் தசையில் மைட்டோகாண்ட்ரியாவின் ஆக்சிஜன் பயன்படுத்தும் திறன் ஏறக்குறைய இரண்டு மடங்கானது. மைட்டோகாண்ட்ரியா என்பது செல்லுக்குள் சர்க்கரையையும் கொழுப்பையும் எரித்து ஆற்றலாக்கும் நுண்ணுறுப்பு. அது பெருகினால் தசை கொழுப்பைத் தாராளமாக எரிக்கும், சேமித்த சர்க்கரையைச் சிக்கனமாகச் செலவழிக்கும். நீண்ட நடைக்கு வேண்டிய பொறுமையான பலம் இங்கிருந்து வருகிறது. இதற்கு ஆறு முதல் பன்னிரண்டு வாரம் கொடுக்க வேண்டும்.

அப்புறம் வருகிறது தசைநாண். தசையை எலும்போடு பிணைக்கும் இந்த வெண்ணிறக் கயிறுக்கு ரத்த ஓட்டம் குறைவு, புதுப்பித்தலும் மந்தம். எவ்வளவு மந்தம் என்பதற்கு 2013-இல் வியப்பான ஒரு சான்று கிடைத்தது. 1950-களிலும் 60-களின் தொடக்கத்திலும் நடந்த அணுகுண்டுச் சோதனைகளால் காற்றில் கதிரியக்கக் கார்பன் கூடியது. அந்தக் காலத்தில் வளர்ந்தவர்களின் உடம்பில் அதன் தடயம் பதிந்திருக்கிறது. டென்மார்க் ஆய்வாளர்கள் குதிகால் தசைநாணின் நடுப்பகுதியில் அந்தத் தடயத்தை அளந்தபோது, பதினேழு வயது வாக்கில் உருவான திசு அதற்குப் பின் கிட்டத்தட்ட மாறவே இல்லை என்று தெரிந்தது. அதே ஆட்களின் தசையிலோ அந்தத் தடயம் மிச்சமில்லை, திசு தொடர்ந்து புதுப்பிக்கப்பட்டிருந்தது. தசைநாணால் பலப்படவே முடியாது என்று இதற்குப் பொருளில்லை. பயிற்சியால் அது விறைப்பும் உறுதியும் பெறுகிறது, கொஞ்சம் தடிக்கவும் செய்கிறது. ஆனால் அதற்கு மாதங்கள் ஆகும், கெட்டுப்போனால் ஆறுவதற்கும் மாதங்கள் ஆகும்.

எலும்பின் கதை இன்னும் சிக்கலானது. புதிய சுமை விழுந்ததும் எலும்பு முதலில் தன் பழைய பகுதிகளைக் கரைக்கிறது, பிறகுதான் அங்கே புதிதாகக் கட்டுகிறது. ஓட்டையான சுவரை இடித்துவிட்டுப் புதுச் சுவர் எழுப்புவது மாதிரி. இடிக்க மூன்று வாரம் போதும், கட்டி முடிக்க மூன்று நான்கு மாதம் ஆகும். ஆகவே பயிற்சி தொடங்கிய ஒரு மாதத்திலிருந்து இரண்டு மாதம் வரை எலும்பின் சில இடங்கள் முன்பிருந்ததைவிடப் பலவீனமாகவே இருக்கும். சரியாக அதே சமயத்தில்தான் மூச்சும் தசையும் "இன்னும் போகலாம்" என்று சொல்லிக்கொண்டிருக்கின்றன.

இதை முதலில் கவனித்தது ராணுவம். 1855-இல் பிரஷ்யப் படை மருத்துவர் பிரைட்ஹாப்ட், நீண்ட அணிவகுப்புக்குப் பின் இளம் சிப்பாய்களின் பாதம் வீங்கி வலிப்பதைப் பதிவு செய்தார். அடிபடவும் இல்லை, விழவும் இல்லை, பின் ஏன் வலிக்கிறது என்பது அன்று புரியவில்லை. எக்ஸ்ரே கண்டுபிடிக்கப்பட்ட பிறகு, 1897-இல்தான் அது பாத எலும்பில் விழும் விரிசல் என்று தெரிந்தது. இன்றும் உலகெங்கும் புதிதாகச் சேரும் படைவீரர்களை முதல் சில வாரப் பயிற்சியில் அதிகம் முடக்கும் காயங்களில் இது ஒன்று.

தசை வலியையும் எலும்பு வலியையும் பிரித்தறிவது கடினமல்ல. தசை வலி பரவலாக இருக்கும், நடக்க நடக்கக் கொஞ்சம் இளகும். எலும்பு விரிசலின் வலியை ஒரு விரல் நுனியால் தொட்டுக் காட்டிவிடலாம். நடக்க நடக்க அது கூடும், முற்றினால் இரவில் படுத்திருக்கும்போதும் வலிக்கும். அப்படி ஒரு புள்ளி இருந்தால் பல்லைக் கடித்துக்கொண்டு நடப்பது மகா தப்பு. தொடக்கத்தில் எக்ஸ்ரேயில் எதுவும் தெரியாமல் போவது சகஜம் என்பதால் "எக்ஸ்ரே சரியாக இருக்கிறதே" என்று சமாதானமாகிவிடவும் கூடாது. தேவைப்பட்டால் எம்ஆர்ஐ எடுக்கச் சொல்வார்கள்.

ஆகவே தயாரிப்புக்கு எவ்வளவு காலம் வேண்டும் என்று யாராவது கேட்டால், எலும்பையும் தசைநாணையும் மனதில் வைத்து மூன்று மாதத்துக்குக் குறையாமல் என்றுதான் சொல்வேன். தூரம், ஏற்றம், எடை, வேகம் நான்கையும் ஒரே வாரத்தில் கூட்டக் கூடாது. ஒன்றைக் கூட்டும்போது மற்ற மூன்றையும் இருந்த இடத்திலேயே விட வேண்டும். மூன்று வாரம் கூட்டினால் நான்காவது வாரம் குறைக்க வேண்டும். உடம்பு களைப்பில்லாமல் இருக்கும்போதும் குறைக்க வேண்டும் என்பதுதான் இதில் கடினமான பகுதி, ஏனென்றால் அந்த ஓய்வு கேட்கத் தெரியாத எலும்புக்காக.

இறக்கத்தைப் பற்றித் தனியாகப் பேசியாக வேண்டும். மலைக்குத் தயாராகிறவர்கள் எல்லாரும் ஏற்றத்துக்குத்தான் தயாராகிறார்கள். மறுநாள் படிக்கட்டில் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு பக்கவாட்டில் இறங்க வைப்பதோ இறக்கம்தான்.

ஏறும்போது தொடைத் தசை சுருங்கிக்கொண்டே வேலை செய்கிறது. இறங்கும்போது அதே தசை நீண்டுகொண்டே, உடம்பின் எடை கீழே பாயாமல் தடுக்கும் பிரேக்காக வேலை செய்கிறது. இப்படி நீளும்போது தசை குறைவான நார்களைக் கொண்டே பெரிய விசையைத் தாங்கிவிடும். 1952-இல் அபட், பிக்லாண்ட், ரிச்சி என்ற மூன்று பிரிட்டிஷ் ஆய்வாளர்கள் இரண்டு சைக்கிள்களை முதுகுக்கு முதுகாக ஒரே சங்கிலியில் பிணைத்தார்கள். ஒருவர் முன்னோக்கி மிதிக்க, மற்றவர் அதை எதிர்த்துத் தடுக்க வேண்டும். இருவர் காலிலும் ஒரே விசைதான், ஆனால் தடுத்தவருக்கு மிதித்தவரைவிட மிகக் குறைந்த ஆக்சிஜனே தேவைப்பட்டது. லண்டன் ராயல் சொசைட்டியில் இதைச் செய்துகாட்டியபோது, சிறிய உடல்வாகுள்ள பிக்லாண்ட், பெரிய உடல்வாகுள்ள ரிச்சியின் மிதியை அலட்டிக்கொள்ளாமல் தடுத்து நிறுத்தினார்.

இறக்கம் ஏன் சுலபமாகத் தெரிகிறது என்பதற்கு இதுவே விளக்கம். நடைக்கு ஆகும் ஆற்றலை வெவ்வேறு சரிவுகளில் அளந்த இத்தாலிய ஆய்வு ஒன்று, பத்து மீட்டர் போனால் ஒரு மீட்டர் இறங்கும் சரிவில்தான் செலவு மிகக் குறைவு, சமதளத்தைவிடவும் குறைவு என்று 2002-இல் காட்டியது. மூச்சு வாங்காது, வியர்க்காது, ஆகவே வேகமாக இறங்கத் தோன்றும். ஆனால் விசை முழுவதையும் சில நார்களே தாங்குவதால் அவற்றில் நுண்ணிய கிழிசல்கள் விழுகின்றன. வலி உடனே தெரியாது. ஒரு நாள் கழித்துத் தொடங்கி, மூன்று நாள் வரை கூடிக்கொண்டே போகும்.

இந்த வலிக்கு லாக்டிக் அமிலம் தேங்குவதுதான் காரணம் என்று இன்னமும் பலர் சொல்லிக்கொண்டிருக்கிறார்கள். கடும் உழைப்பில் லாக்டேட் உண்டாவது உண்மை. ஆனால் நிறுத்திய ஒரு மணி நேரத்துக்குள் அது பழைய அளவுக்கு இறங்கிவிடும், இதயமும் தசையும் அதை எரிபொருளாகவே எடுத்துக்கொள்ளும். மறுநாள் காலை வலிக்கு அதன் மேல் பழிபோட முடியாது.

நல்ல செய்தி என்னவென்றால், இந்தச் சேதத்துக்கு எதிராகத் தசை மிகச் சீக்கிரம் கவசம் போட்டுக்கொள்ளும். ஒரே ஒரு நல்ல இறக்கப் பயிற்சி போதும், அடுத்த சில வாரங்களுக்கு அதே இறக்கம் பாதி வலியைக்கூடத் தராது. ஆகவே பெரிய பயணத்துக்கு இரண்டு மூன்று வாரம் முன்பு வேண்டுமென்றே ஒரு நீண்ட இறக்கத்தை நிதானமாக இறங்கிவிட வேண்டும். மலை இல்லாதவர்களுக்குப் பல மாடிக் கட்டடத்தின் படிக்கட்டு போதும். லிஃப்டில் ஏறிவிட்டுக்கூட இறங்கலாம், இறக்கம்தான் முக்கியம். பயணத்தில் இரண்டு ஊன்றுகோல்களை நம்பி இறங்குவது முழங்காலில் விழும் சுமையைக் குறைக்கிறது. அதை வயதானவர்களின் பொருளாக நினைத்துத் தவிர்க்கும் இளைஞர்களைப் பார்க்கும்போது வருத்தமாக இருக்கிறது.

சரி, நாள் வந்துவிட்டது, நடக்கத் தொடங்கியாயிற்று. இப்போது கையில் இருக்கும் ஒரே பெரிய ஆயுதம் வேகம்.

1892-இல் ஸ்காட்லாந்து மலையேறி வில்லியம் நைஸ்மித் ஒரு கணக்குச் சொன்னார். இன்றைய அளவில் சொன்னால், ஐந்து கிலோமீட்டருக்கு ஒரு மணி நேரம், அதற்கு மேல் ஏறும் ஒவ்வொரு 600 மீட்டர் உயரத்துக்கும் இன்னொரு மணி நேரம். பன்னிரண்டு கிலோமீட்டர் நடந்து 900 மீட்டர் ஏற வேண்டும் என்றால் நான்கு மணி நேரத்துக்குச் சற்றுக் குறைவு. இது ஓய்வில்லாமல், பெரிய சுமையில்லாமல், நல்ல பாதையில் போகும் திடகாத்திரமான ஆளுக்கான கணக்கு. புதியவர்கள் இதில் பாதியைக் கூட்டிக்கொண்டு திட்டமிடலாம். இந்தக் கணக்கை வீட்டிலேயே போட்டுப் பார்த்தால், இருட்டும் முன் இறங்க வேண்டுமே என்று கடைசி மூன்று மணி நேரம் ஓட வேண்டியிருக்காது.

வேகத்துக்கு நல்ல அளவுகோல் பேச்சு. முழு வாக்கியத்தை மூச்சு முட்டாமல் பேச முடிகிற வேகம்தான் நாள் முழுக்கத் தாங்கும். இதயத் துடிப்பை மட்டும் பார்க்கிறவர்கள் ஒன்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். ஒரே வேகத்தில் நடந்தாலும், வெயிலில் நேரம் போகப் போகத் துடிப்பு மெல்ல ஏறும். வியர்வையால் ரத்தத்தின் நீர் குறைகிறது, உடம்பைக் குளிர்விக்கத் தோலுக்கும் ரத்தம் போகிறது, ஒவ்வொரு துடிப்பிலும் இதயம் தள்ளும் அளவு குறைகிறது, ஆகவே எண்ணிக்கை கூடுகிறது. காலையில் சௌகரியமாக இருந்த வேகம் பிற்பகலில் அதே வேகமாக இருந்தாலும் உடம்புக்கு அது கூடுதல் வேலை.

அடுத்து எரிபொருள். உடம்பில் சேமித்த சர்க்கரையான கிளைக்கோஜன், தசைகளில் சுமார் 400 கிராமும் கல்லீரலில் சுமார் 100 கிராமும் இருக்கும். மொத்தம் 2,000 கலோரி வாக்கில். ஒல்லியான ஆளிடமும் கொழுப்பாகப் பல பத்தாயிரம் கலோரி இருக்கிறது, ஆனால் கொழுப்பு மெதுவாகத்தான் எரியும். ஏற்றத்தில் வேகம் கூட்டினால் உடம்பு சர்க்கரைக்குத் தாவும். காலையில் ஒரு மணி நேரம் அவசரப்பட்டு ஏறியவர் மாலையில் திடீரென்று சக்தியெல்லாம் வடிந்து உட்கார்ந்துவிடுவது இதனால்தான்.

கிளைக்கோஜனைப் பற்றி நமக்குத் தெரிந்ததில் பெரும்பகுதி ஸ்வீடன் நாட்டு மருத்துவர்கள் பெர்க்ஸ்ட்ரோம், ஹுல்ட்மன் இருவரிடமிருந்து தொடங்குகிறது. 1966-இல் அவர்கள் தங்களையே சோதனைப் பொருளாக்கிக்கொண்டார்கள். ஒரே சைக்கிளில் இருபுறமும் உட்கார்ந்து, ஆளுக்கு ஒற்றைக் காலால் சோர்ந்துபோகும் வரை மிதித்தார்கள். பிறகு மாவுச்சத்து நிறைந்த உணவைச் சாப்பிட்டுவிட்டு, தொடைத் தசையிலிருந்து ஊசியால் துணுக்கு எடுத்துப் பார்த்தார்கள். மூன்று நாளில், உழைத்த காலில் ஓய்ந்த காலைவிட இரண்டு மடங்கு கிளைக்கோஜன் சேர்ந்திருந்தது. தீர்ந்துபோன தசை இருந்ததைவிடக் கூடுதலாகச் சேமிக்கும் என்பது அன்று தெளிவானது. பல நாள் நடையில் ஒவ்வொரு மாலையும் முதல் வேலையாக நன்றாகச் சாப்பிட வேண்டும் என்பதற்கு இதைவிட நல்ல காரணம் வேண்டியதில்லை.

நடந்துகொண்டிருக்கும்போது மணிக்கு 30 முதல் 60 கிராம் மாவுச்சத்தோ சர்க்கரையோ உள்ளே போனால் போதுமானது. பசிக்கும் வரை காத்திருந்தால் தாமதமாகிவிடும், ஏனென்றால் கடும் உழைப்பு பசியை அடக்கிவிடும். வயிறும் பழக வேண்டிய உறுப்புதான் என்பதால், பயிற்சி நடைகளிலேயே நடந்தபடி சாப்பிட்டுப் பார்த்துவிட வேண்டும்.

இங்கே ஒரு சுவையான ஆய்வைச் சொல்லாமல் போக மனமில்லை. 2004-இல் பிரிட்டனில், ஒரு மணி நேர சைக்கிள் சோதனையின்போது சிலருக்கு மாவுச்சத்துக் கரைசலை வாயில் வைத்துக் கொப்பளித்துத் துப்பச் சொன்னார்கள். ஒரு சொட்டும் உள்ளே போகவில்லை. அப்படியும் அவர்கள் வெறும் தண்ணீரைக் கொப்பளித்தபோது எடுத்ததைவிடக் கிட்டத்தட்ட மூன்று சதவீதம் விரைவாக முடித்தார்கள். களைப்பு என்பது தசையில் எரிபொருள் தீர்வது மட்டுமே என்றால் இது நடந்திருக்காது. உணவு வருகிறது என்ற செய்தி வாயிலிருந்து போனதுமே மூளை தன் பிடியைத் தளர்த்துகிறது. சோர்வு என்று நாம் உணர்வதில் ஒரு பங்கு, மூளை முன்கூட்டியே போடும் கட்டுப்பாடு.

தண்ணீரைப் பற்றி நிறைய அறிவுரைகள் உலவுகின்றன, அவற்றில் சில ஆபத்தானவை. "தாகம் எடுப்பதற்கு முன்பே குடி, முடிந்தவரை குடி" என்பது ஒரு காலத்தில் ஓட்டக்காரர்களுக்கு வேதவாக்காகச் சொல்லப்பட்டது. வியர்வையில் போவது தண்ணீர் மட்டுமல்ல, சோடியமும் போகிறது. நீண்ட உழைப்பில் சிறுநீரகம் தண்ணீரை வெளியேற்றுவதையும் குறைத்துக்கொள்ளும். அந்த நிலையில் தேவைக்கு மேல் தண்ணீரைக் குடித்தால் ரத்தத்தில் சோடியம் நீர்த்துப்போகும், மூளை செல்கள் வீங்கும். தலைவலி, வாந்தி, குழப்பம், வலிப்பு என்று போய் உயிரையே பறிக்கலாம். 2002 பாஸ்டன் மாரத்தானில் ஓடி முடித்த 488 பேரின் ரத்தத்தைச் சோதித்தபோது, 13 சதவீதம் பேருக்குச் சோடியம் குறைந்திருந்தது, மூன்று பேருக்கு உயிருக்கு ஆபத்தான அளவில். ஓட்டத்தின்போது எடை கூடியவர்களுக்கே இது அதிகம் வந்தது. ஓடினால் எடை குறைய வேண்டும், கூடியிருக்கிறது என்றால் இழந்ததைவிட அதிகம் குடித்திருக்கிறார்கள்.

இதில் கொடுமை என்னவென்றால், இதன் தொடக்க அறிகுறிகள் நீர் வற்றியவரின் அறிகுறிகளைப் போலவே இருக்கும். கூட இருப்பவர்கள் அக்கறையோடு இன்னும் தண்ணீரைப் புகட்டுவார்கள். விரல் மோதிரம் இறுகுவது, கை வீங்குவது, வயிறு தளும்புவது, சிறுநீர் தெளிவாகப் போவது ஆகியவை தெரிந்தால் தண்ணீரை நிறுத்திவிட்டு உப்புள்ளது எதையாவது கொடுக்க வேண்டும். குழப்பம் வந்துவிட்டால் மருத்துவமனைதான். ஆரோக்கியமான ஆளுக்குத் தாகத்துக்குக் குடிப்பதே பெரும்பாலும் சரியான வழி. கடும் வெப்பத்திலும் முதியவர்களிடத்திலும் தாக உணர்வு பின்தங்கும் என்பதால், அங்கே மட்டும் கொஞ்சம் முந்திக்கொள்ளலாம்.

வெப்பத்தின் கணக்கைப் பார்த்தால் அதன் மேல் மரியாதை வரும். தசை செலவழிக்கும் ஆற்றலில் கால்பங்குக்கும் குறைவுதான் வேலையாகிறது, மற்றதெல்லாம் வெப்பம். மணிக்கு 500 கலோரி செலவழித்து ஏறுகிறவரின் உடம்பில் 400 கலோரி வெப்பமாகச் சேரும். அது வெளியேறவே இல்லை என்றால், எழுபது கிலோ ஆளின் உடல் வெப்பநிலை ஒன்பது பத்து நிமிடத்துக்கு ஒரு டிகிரி வீதம் ஏறும். காப்பாற்றுவது வியர்வை. ஒரு லிட்டர் வியர்வை முழுவதும் ஆவியானால் சுமார் 580 கலோரி வெப்பத்தை எடுத்துக்கொண்டு போகும். சொட்டி விழும் வியர்வைக்கு இந்தப் பலன் கிடையாது. காற்றில் ஈரம் மிகுந்த நாளில் வியர்வை ஆவியாகாமல் சொட்டும், ஆகவே வறண்ட வெயிலைவிடப் புழுக்கமான நிழல் ஆபத்தாக இருக்க முடியும்.

வெப்பத்துக்கும் உடம்பு பழகும். பத்து முதல் பதினான்கு நாள் வரை, தினமும் ஒன்றரை மணி நேரம் வாக்கில் வெப்பத்தில் உழைத்தால் வியர்வை முந்தித் தொடங்கும், அதிகம் வரும், அதில் உப்பு குறைவாக இருக்கும். குளிரூட்டிய அறையிலிருந்து நேராக வெயிலுக்குப் போகிறவருக்கு முதல் நான்கைந்து நாள்தான் மிகுந்த ஆபத்து. பழகியது ஒரு மாதத்துக்குள் கலைந்தும் போகும். காய்ச்சல், வயிற்றுப்போக்கு, தூக்கமின்மை இதில் ஏதாவது ஒன்று இருந்தாலும் அன்று வெயிலில் கடும் உழைப்பு வேண்டாம் என்று கறாராகவே சொல்வேன்.

உழைப்பினால் வரும் வெப்பத் தாக்கில் உடலின் உள் வெப்பநிலை 40 டிகிரியைத் தாண்டும், ஆள் குழம்புவார், கோபப்படுவார், தள்ளாடுவார், விழுவார். வியர்வை நின்றுவிட்டால்தான் வெப்பத் தாக்கு என்ற நம்பிக்கை தவறு. உழைத்து விழுந்தவர் வியர்வையில் குளித்தபடியே இருக்கலாம். அப்போது முதலில் செய்ய வேண்டியது வண்டியைத் தேடுவதல்ல, அங்கேயே குளிர்விப்பது. ஆளை நீரில் அமிழ்த்த முடிந்தால் தலை வெளியே இருக்கும்படி பிடித்துக்கொண்டு அமிழ்த்த வேண்டும். முடியாவிட்டால் உடம்பு முழுக்கத் தண்ணீரை ஊற்றி ஊற்றி விசிற வேண்டும். அமெரிக்காவின் ஃபால்மத் ஓட்டப் பந்தயத்தில் 18 ஆண்டுகளில் 274 பேருக்கு இந்தத் தாக்கு வந்தது. விழுந்த இடத்துக்கருகிலேயே ஐஸ் நீர்த் தொட்டியில் அமிழ்த்தினார்கள். அத்தனை பேரும் பிழைத்தார்கள். முதல் அரை மணி நேரத்துக்குள் குளிர்விப்பதுதான் எல்லாவற்றையும் தீர்மானிக்கிறது.

குளிரைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லலாம். நடக்கும்போது குளிர் தெரியாது, நின்றால்தான் தெரியும். தண்ணீர் காற்றைவிட இருபது மடங்குக்கும் மேல் வேகமாக வெப்பத்தைக் கடத்தும் என்பதால் நனைந்த பருத்திச் சட்டையும் காற்றும் சேர்ந்தால் பூஜ்யத்துக்கு மேலே பத்து டிகிரியில்கூட உடம்பு விறைக்கத் தொடங்கும். ஏறும் முன்பே ஓரடுக்கைக் கழற்றிவிட வேண்டும், நின்றவுடன், குளிரும் வரை காத்திராமல், உடனே போட்டுக்கொள்ள வேண்டும்.

உயரம் வேறு மாதிரி. கடல் மட்டத்திலிருந்து 5,500 மீட்டரில் காற்றழுத்தம் பாதியாகிவிடும். 2,500 மீட்டரைத் தாண்டினாலே சிலருக்குத் தலைவலி, குமட்டல், தூக்கமின்மை வரும். இங்கே பயிற்சி காப்பாற்றாது என்பதைத் திரும்பத் திரும்பச் சொல்ல வேண்டியிருக்கிறது. நன்றாகப் பயின்றவருக்கும் மலை நோய் அதே அளவு வரும், வேகமாக ஏற முடிகிறவர் என்பதால் சில சமயம் கூடுதலாகவே வரும். சிவப்பணுக்களைப் பெருக்கச் சொல்லும் ஹார்மோன் சில மணி நேரத்தில் சுரக்கத் தொடங்கிவிடும், ஆனால் சிவப்பணுக்கள் போதிய அளவு கூட வாரங்கள் ஆகும். 3,000 மீட்டருக்கு மேல், தூங்கும் இடத்தின் உயரத்தை ஒரு நாளைக்கு 500 மீட்டருக்கு மேல் கூட்டாமல், மூன்று நான்கு நாளுக்கு ஒருமுறை அதே உயரத்தில் இன்னொரு இரவு தங்குவது மலை மருத்துவம் வகுத்த நெறி. ஓய்விலும் மூச்சுத் திணறினாலோ, நேர்கோட்டில் நடக்க முடியாமல் தள்ளாடினாலோ நுரையீரலிலோ மூளையிலோ நீர் கோக்கிறது என்று பொருள். விடியும் வரை காத்திருக்காமல் உடனே கீழே இறக்க வேண்டும்.

சுமையில், முதுகைவிடக் காலைக் கவனிப்பது லாபம். ஒவ்வொரு அடியிலும் தூக்கி வீச வேண்டியிருப்பதால், காலணியில் ஏறும் ஒரு கிலோ முதுகில் ஏறும் நான்கைந்து கிலோவுக்குச் சமமான ஆற்றலைத் தின்னும். கணுக்கால் வரை மூடும் கனமான பூட்ஸ் எல்லாப் பாதைக்கும் தேவை என்ற எண்ணத்தை இந்தக் கணக்கோடு ஒப்பிட்டு முடிவெடுப்பது நல்லது. கொப்புளமும் அப்படித்தான். ஈரமான தோல் எளிதில் கொப்பளிக்கும். ஒரு இடம் சூடாக உறுத்தத் தொடங்கியதும் நின்று, காலைக் காயவைத்து, அந்த இடத்தில் டேப் ஒட்டும் ஐந்து நிமிடத்தை யாரும் செலவழிக்க விரும்புவதில்லை. குழுவோடு போகும்போது மற்றவர்களை நிறுத்தக் கூச்சமாக இருக்கும். நிறுத்த வேண்டும்.

மாலையில் வலிக்கு மாத்திரை போடுவது இப்போது பழக்கமாகிவிட்டது. இபுப்ரோஃபென் வகை மாத்திரைகள் சிறுநீரகத்துக்குப் போகும் ரத்தத்தைக் குறைக்கும். நீர் வற்றி, தசை சிதைந்து, சிறுநீரகம் ஏற்கெனவே திணறும் நேரத்தில் இது கூடுதல் பாரம். 80 கிலோமீட்டர் ஓட்டத்தில் கலந்துகொண்டவர்களிடம் நடத்தி 2017-இல் வெளியான ஒரு ஆய்வில், இபுப்ரோஃபென் எடுத்தவர்களில் 52 சதவீதம் பேருக்கும் மருந்தில்லாத வெற்று மாத்திரை எடுத்தவர்களில் 34 சதவீதம் பேருக்கும் சிறுநீரகத்தில் தற்காலிகப் பாதிப்பு தெரிந்தது. சிறிய ஆய்வுதான், வேறுபாடும் ஐயத்துக்கு இடமில்லாத அளவு பெரிதல்ல. ஆனாலும் நடந்துகொண்டிருக்கும் நாட்களில் அந்த மாத்திரையைத் தொடாமலிருக்க எனக்கு இது போதும்.

தசை மிகையாகச் சிதைந்தால் அதிலிருந்து மயோகுளோபின் என்ற புரதம் ரத்தத்தில் கலந்து சிறுநீரகத்தை அடைக்கும். சிறுநீர் கரும்பழுப்பாக, கோலா நிறத்தில் போவதுதான் இதன் அடையாளம். வழக்கத்துக்கு மீறிய தசை வலி, வீக்கம், பலவீனம் கூடவே இருக்கும். பயிற்சியில்லாமல் ஒரே நாளில் அளவுக்கு மீறி உழைத்தவர்களுக்கு, அதிலும் வெப்பத்தில் உழைத்தவர்களுக்கு, இது அதிகம் வருகிறது. ஓரிரு நாள் கழித்தும் வரலாம், பயணம் முடிந்து வீட்டில் படுத்திருக்கும்போது வரலாம். அந்த நிறத்தைப் பார்த்தால் தண்ணீர் குடித்தால் சரியாகிவிடும் என்று பொறுத்திருக்காமல் அன்றே மருத்துவமனைக்குப் போய், எத்தனை மணி நேரம் நடந்தோம், என்ன மாத்திரை போட்டோம் என்பதைச் சொல்ல வேண்டும். சிதைந்த தசையிலிருந்து ரத்தத்தில் கசியும் கிரியாட்டின் கைனேஸ் என்ற நொதியின் அளவைப் பார்த்து, நரம்பு வழியாகத் திரவம் ஏற்றுவார்கள். சீக்கிரம் போனவர்களில் பெரும்பாலோருக்குச் சிறுநீரகம் முழுமையாகத் தேறிவிடுகிறது.